ஒரே வேலை, 3,170 ரூபாய் வித்தியாசம்: கோர்ட்டுக்குப் போகலாமா?

நாலாம்வகுப்பு_டீச்சர்

எல்லோருக்கும் வணக்கம். ஊராட்சி ஒன்றிய நடுநிலைப் பள்ளி ஒன்றில் இடைநிலை ஆசிரியையாக இருக்கிறேன். பணியில் சேர்ந்தது 2010-ல். பக்கத்து வகுப்பு டீச்சர் 2008-ல் சேர்ந்தவர். அவருக்கும் எனக்கும் ஒரே படிப்பு, ஒரே பாடப்புத்தகம். அவர் விடுப்பு எடுத்தால் இரண்டு வகுப்பையும் நான்தான் ஒன்றாக உட்காரவைத்துப் பார்த்துக்கொள்கிறேன்.

போன வாரம் வருமான வரிக் கணக்குக்காகக் களஞ்சியம் செயலியிலிருந்து சம்பளச் சீட்டை எடுத்துக்கொண்டு மேசையில் பக்கத்துப் பக்கத்தில் வைத்தோம். வித்தியாசம் இருக்கும் என்று தெரியும். ஆனால் இரண்டு ஆண்டு முன்பின் சேர்ந்ததற்கு இவ்வளவா என்று எண்ணைப் பார்த்ததும் என்னவோ போல் ஆகிவிட்டது. அவரே தன் சீட்டைக் குப்புறத் திருப்பி வைத்துவிட்டு, "வுடு டீச்சர், அப்புறம் பார்க்கலாம்" என்றார். அவர் மேல் ஒரு தப்பும் இல்லை.

எங்கள் வட்டாரத்தில் சிலர் சேர்ந்து உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடப் போகிறார்கள். ஆளுக்கு 5,000 ரூபாய் கேட்கிறார்கள். பணம் பெரிதில்லை. ஆனால் ஜெயிக்குமா? தோற்றால் இப்போது இருப்பதற்கும் ஆபத்தா? கேஸ் போட்டவர்கள் என்று பெயர் குறித்துவைத்து, மாறுதல் அது இது என்று தொந்தரவு செய்வார்களா? என் கணவர் இதற்குத்தான் பயப்படுகிறார். அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்.

---

சிவப்புத்துண்டு

டீச்சர், இந்தப் பிரச்சினை உங்கள் ஒருவருடையது இல்லை. 2009 ஜூன் 1-க்குப் பிறகு சேர்ந்த சுமார் 20,000 இடைநிலை ஆசிரியர்களின் பிரச்சினை. நாங்கள் கேட்டது சலுகை இல்லை, சம வேலைக்குச் சம ஊதியம். 2021 தேர்தலில் தி.மு.க. அறிக்கையிலேயே 311-வது வாக்குறுதியாக இது இருந்தது. 2022 டிசம்பர் கடைசியில் சென்னையில் பள்ளிக் கல்வி இயக்குநரகம் இருக்கும் டி.பி.ஐ. வளாகத்தில் குளிரில் படுத்து உண்ணாவிரதம் இருந்தோம். ஒருவர் பின் ஒருவராக மயங்கி விழுந்தார்கள். ஆம்புலன்ஸ் வந்தபடியே இருந்தது. 2023 புத்தாண்டு அன்றுதான் எங்கள் கோரிக்கையை ஆராய மூவர் குழு அமைப்பதாக அறிவிப்பு வந்தது. அதன் பிறகும் மறுபடி மறுபடி அதே வளாகத்துக்குப் போய் உட்கார வேண்டித்தான் இருந்தது.

இருந்தும் சொல்கிறேன், தனித்தனியாகக் கோர்ட்டுக்குப் போகாதீர்கள். தோற்றுப்போனால் அந்தத் தீர்ப்பையே பேச்சுவார்த்தை மேசையில் எடுத்து வைப்பார்கள். "நீதிமன்றமே இல்லை என்று சொல்லிவிட்டதே" என்பார்கள். அப்புறம் 20,000 பேருக்கும் கதவு அடைபடும்.

---

பழைய_கணக்கர்

நான் கணக்குப் பிரிவில் கண்காணிப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவன். ஊதிய நிர்ணயம் என் கையால் நூற்றுக்கணக்கில் போட்டிருக்கிறேன். வழக்கு போடலாமா வேண்டாமா என்பதற்கு முன், இந்த 3,170 எங்கிருந்து வந்தது என்பது உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். வழக்கு போடுகிற பலருக்கே இது தெரிவதில்லை. அதனால்தான் மனுவில் வெறும் "பாகுபாடு, அநீதி" என்று மட்டும் எழுதி வைக்கிறார்கள்.

ஆறாவது ஊதியக் குழுவுக்கு முன் இடைநிலை ஆசிரியரின் சம்பள ஏற்றமுறை 4500-125-7000. தமிழ்நாட்டில் புதிய ஊதிய அரசாணை 234 வந்தது 2009 ஜூன் 1. நீங்கள் எல்லோரும் சொல்கிற அந்தத் தேதி வானத்திலிருந்து விழுந்ததில்லை, அரசாணையின் தேதி அது.

அதற்கு முன் பணியில் இருந்தவர் பழைய ஏற்றமுறையில் இருக்கிறார். அவருடைய அடிப்படைச் சம்பளம் 4,500 என்று வையுங்கள். அதை 1.86-ஆல் பெருக்கச் சொன்னது விதி. 4,500 × 1.86 = 8,370. அதோடு தர ஊதியம் (பதவியின் தரத்தைப் பொறுத்துச் சேர்க்கும் தொகை) 2,800. ஆக 11,170.

ஜூன் 1-க்குப் பின் சேர்ந்தவருக்குப் பழைய சம்பளம் என்று எதுவும் இல்லை. பெருக்க ஒன்றுமில்லை. அவரை நேரே 5200-20200 என்ற ஊதியக் கட்டின் (தொடக்கம் முதல் உச்சம் வரையான சம்பள எல்லையின்) முதல் படியில் வைத்துவிட்டார்கள். 5,200 + 2,800 = 8,000.

இரண்டு பேருக்கும் ஊதியக் கட்டு ஒன்றே. தர ஊதியமும் ஒன்றே. இருந்தும் 8,370-க்கும் 5,200-க்கும் நடுவே 3,170 ரூபாய். அன்றைய ஆண்டு ஊதிய உயர்வு 3 சதவீதம். 8,000-க்கு அது 240 ரூபாய். மே 31-ல் சேர்ந்தவர் முதல் மாதமே வாங்கிய 11,170-ஐ ஜூன் 1-ல் சேர்ந்தவர் தன் ஊதிய உயர்வுகளால் மட்டும் எட்டிப்பிடிக்கப் பதினொரு ஆண்டுக்கு மேல் ஆகும். கணக்குப் போட்டுப் பாருங்கள். ஒரே நாள் வித்தியாசத்துக்குப் பதினொரு ஆண்டு.

ஏழாவது ஊதியக் குழுவில் பழைய தொகையை 2.57-ஆல் பெருக்கினார்கள். 8,000 என்பது 20,560 ஆகிறது. புதிய ஊதிய அட்டவணையில் நிலை 10-ன் தொடக்கமான 20,600 இங்கிருந்து வந்ததுதான். 11,170 என்பது 28,707 ஆகிறது. 3,170-ஆக இருந்த பள்ளம் 8,000-க்கு மேல் போய்விட்டது. இதன் மேல்தான் அகவிலைப்படி, வீட்டு வாடகைப்படி எல்லாம்.

இன்னொன்று. மத்திய அரசில் இந்தப் பிரச்சினை வரும் என்று 2008-லேயே முன்கூட்டி யோசித்திருக்கிறார்கள். அவர்களுடைய திருத்திய ஊதிய விதிகளில், 2006 ஜனவரி 1-க்குப் பின் நேரடியாகச் சேர்கிறவருக்குத் தொடக்கச் சம்பளம் எவ்வளவு என்று தனிப் பட்டியலே உண்டு. தர ஊதியம் 2,800 உள்ள பதவிக்கு அதில் 8,560 + 2,800 = 11,360. புதிதாக வருகிறவர் பழைய ஆளைவிடக் கீழே விழுந்துவிடக் கூடாது என்பதற்காகவே அந்தப் பட்டியல். அதே ஊதியக் கட்டை நாம் எடுத்துக்கொண்டோம், உங்கள் பதவிக்கு அந்தத் தொடக்கச் சம்பளத்தைத் தரவில்லை. உங்கள் மனுவின் முதுகெலும்பு இதுவாக இருக்க வேண்டும், டீச்சர். அநீதி என்ற சொல் அதற்குப் பிறகு வரட்டும்.

---

நாலாம்வகுப்பு_டீச்சர்

ஐயா, பதினைந்து ஆண்டாக இந்தச் சம்பளம் வாங்குகிறேன். 1.86 கணக்கை யாரும் இப்படி உட்காரவைத்துச் சொன்னதில்லை. பணிப்பதிவேட்டில் என் ஊதிய நிர்ணயப் பக்கத்தை நான் பார்த்ததே இல்லை. நன்றி.

---

கருப்பங்கி

உயர் நீதிமன்றத்தில் பணி விவகார வழக்குகள் நடத்துகிறேன். கணக்கர் ஐயா சொன்ன கணக்கை அப்படியே அட்டவணையாக்கி மனுவோடு வையுங்கள். இனி சட்டப் பக்கம். உள்ளதை உள்ளபடி சொல்கிறேன்.

"சம வேலைக்குச் சம ஊதியம்" என்பது அரசமைப்பில் அடிப்படை உரிமை என்று நேரடியாக எழுதப்பட்டதில்லை. 39(டி) பிரிவில் வழிகாட்டு நெறியாக இருக்கிறது. 1982-ல் ரண்தீர் சிங் வழக்கில், டெல்லி காவல் துறையின் ஓட்டுநர் ஒருவர் மற்றத் துறை ஓட்டுநர்களின் சம்பளத்தைக் கேட்டு உச்ச நீதிமன்றம் போனார். அப்போதுதான் சமத்துவம் பற்றிய 14, 16 பிரிவுகளோடு சேர்த்துப் படித்து, காரணமில்லாமல் வேறு சம்பளம் கொடுத்தால் நீதிமன்றம் தலையிடும் என்றார்கள். 2016 அக்டோபர் 26-ல் பஞ்சாபின் ஜக்ஜித் சிங் வழக்கில் அதுவரை வந்த தீர்ப்புகளையெல்லாம் தொகுத்து, தற்காலிக ஊழியருக்கும் குறைந்தபட்ச ஊதிய விகிதம் உண்டு என்றார்கள். அதே தீர்ப்பில், வேலை சமம் என்று நிரூபிக்கும் பொறுப்பு கேட்கிறவருடையது என்றும் இருக்கிறது. உங்கள் வழக்கில் அது பெரிய தடையே இல்லை. ஒரே பதவி, ஒரே கல்வித் தகுதி.

சிக்கல் வேறு இடத்தில். அரசு இரண்டு பதில் சொல்லும். முதலாவது: "ஊதிய விகிதம் ஒன்றுதான், பாகுபாடு எங்கே? ஏற்கெனவே இருந்தவர் வாங்கிய சம்பளம் குறையாமல் பாதுகாத்தோம், அவ்வளவுதான்." இரண்டாவது: "ஊதியம் நிர்ணயிப்பது நிபுணர் குழுவின் வேலை, கொள்கை முடிவு, நிதிச்சுமை." இந்த இரண்டாவது பதிலுக்கு நீதிமன்றங்கள் பெரும்பாலும் மதிப்புக் கொடுக்கும்.

தேதி வைத்துப் பிரித்ததைக் கேள்வி கேட்க நகாரா வழக்கு இருக்கிறது. 1979 மார்ச் 31 என்று ஒரு கோட்டைப் போட்டு ஓய்வூதியர்களை இரண்டு கூட்டமாகப் பிரித்தது செல்லாது என்று 1982 டிசம்பர் 17-ல் வந்த தீர்ப்பு. இன்றும் அந்த நாளை ஓய்வூதியர் நாளாகக் கொண்டாடுகிறார்கள். ஆனால் பின்னால் வந்த தீர்ப்புகள் அதன் வீச்சைக் குறைத்துவிட்டன. நிதி நிலைமையைக் காரணம் காட்டி ஒரு தேதி வைக்கலாம் என்று பலமுறை சொல்லியிருக்கிறார்கள். ஆகவே நகாராவை மட்டும் நம்பிப் போகாதீர்கள்.

ஜெயிக்குமா என்று கேட்டீர்கள். வாதாட நல்ல விஷயம் இருக்கிறது. உறுதி யாரும் தர முடியாது. உறுதி தருகிற வக்கீலிடம் பணம் கொடுக்காதீர்கள்.

இரண்டாவது கேள்வி: தோற்றால் இப்போது வாங்குவதில் ஒரு ரூபாய் குறையாது. மூன்றாவது: ரிட் போடுவது உங்கள் அரசமைப்பு உரிமை. வழக்கு போட்டதற்காக மாறுதல் போட்டால் அந்த உத்தரவே தனியாக எதிர்க்கத்தக்கது. என் அனுபவத்தில், ஊதிய வழக்குக்காக யாரையும் குறிவைத்ததை அரிதாகத்தான் பார்த்திருக்கிறேன். அலுவலகத்தில் பாதிப் பேர் ஏதாவது ஒரு வழக்கில் மனுதாரர்தான்.

---

தென்பாண்டிக்காரன்

வக்கீல் சார் சொன்னதோடு ஒரு எச்சரிக்கை. நான் வேறு துறை, உதவியாளர். எனக்கு இளையவர் பதவி உயர்வில் என்னைவிட அதிகச் சம்பளம் வாங்கினார். மூத்தோர்-இளையோர் ஊதிய முரண்பாடு. விண்ணப்பம் கொடுத்தேன், பதில் இல்லை. கோர்ட்டுக்குப் போனேன். இரண்டே வாரத்தில் உத்தரவு வந்துவிட்டது, வீட்டில் கேசரி கிண்டினோம். அப்புறம் நிதானமாகப் படித்தால் "மனுதாரரின் விண்ணப்பத்தைச் சட்டப்படி, தகுதியின் அடிப்படையில், 12 வாரத்துக்குள் பரிசீலிக்கவும்" என்று இருந்தது. அவ்வளவுதான். பரிசீலித்தார்கள். பத்தாவது வாரம் "ஏற்பதற்கில்லை" என்று ஒரு பக்கத்தில் பதில் வந்தது. அந்தப் பதிலை எதிர்த்து மறுபடி இன்னொரு ரிட். மொத்தம் ஐந்து வருடம்.

உத்தரவு வாங்கிவிட்டேன் என்று யாராவது சொன்னால், "பரிசீலிக்கவா, வழங்கவா?" என்று கேளுங்கள்.

---

கருப்பங்கி

இதை எல்லோரும் கவனியுங்கள். "பரிசீலி" என்ற உத்தரவால் பழைய உரிமைக்குப் புது உயிர் வராது. 2008-ல் உச்ச நீதிமன்றம் சி. ஜேக்கப் வழக்கில் இதைத் தெளிவாகச் சொன்னது. தமிழ்நாட்டு வழக்குதான் அது, கனிம வளத் துறை சம்பந்தப்பட்டது. வேலை போய்ப் பதினெட்டு ஆண்டு கழித்து விண்ணப்பம் கொடுத்து, அதைப் பரிசீலிக்க உத்தரவு வாங்கி, மறுப்புப் பதில் வந்ததும் அதையே புதிய வழக்குக்குக் காரணமாக வைத்து வந்தார்கள். செல்லாது என்றது நீதிமன்றம்.

சம்பள வழக்குக்கு மட்டும் ஒரு ஆறுதல் உண்டு. தவறான ஊதிய நிர்ணயம் ஒவ்வொரு மாதச் சம்பளத்திலும் புதிதாக நடக்கிற தவறு என்று 1995-ல் எம்.ஆர். குப்தா வழக்கில் ஏற்றுக்கொண்டார்கள். ஆகவே பதினைந்து ஆண்டு ஆகிவிட்டதே என்று டீச்சரை அப்படியே வெளியே அனுப்ப முடியாது. ஆனால் நிலுவைத் தொகைக்கு எல்லை உண்டு. 2008-ல் தர்செம் சிங் வழக்கில் சொன்னபடி, வழக்கு தாக்கலான நாளுக்கு முந்தைய மூன்று ஆண்டுக்குத்தான் நிலுவை கிடைக்கும். சும்மா இருக்கிற ஒவ்வொரு மாதமும் பின்னால் ஒரு மாத நிலுவை கரைந்துகொண்டே போகிறது.

---

ஜூன்30_ஓய்வு

நான் மத்திய அரசில் இருந்தவன், ஜூன் 30-ல் ஓய்வு. காத்திருந்தால் என்ன ஆகும் என்பதற்கு எங்கள் கதையைக் கேளுங்கள். இதன் தொடக்கம் சென்னைதான்.

2006-க்குப் பிறகு மத்திய அரசு ஊழியர் எல்லோருக்கும் ஆண்டு ஊதிய உயர்வு ஜூலை 1 என்று ஆக்கிவிட்டார்கள். ஜூன் 30-ல் ஓய்வு பெறுகிறவர் 365 நாளும் வேலை செய்து முடித்திருப்பார். ஆனால் மறுநாள் காலை அவர் பணியில் இல்லை என்று அந்த ஒரு ஊதிய உயர்வு கிடையாது. 2013 ஜூன் 30-ல் ஓய்வு பெற்ற ஒருவர் இதை எதிர்த்து மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்குப் போனார், தோற்றார். உயர் நீதிமன்றம் போனார். 2017 செப்டம்பர் 15-ல் ஐயம்பெருமாள் வழக்கு என்று இந்தியா முழுக்கத் தெரிந்த அந்தத் தீர்ப்பு வந்தது. ஓராண்டு வேலையைச் செய்து முடித்துவிட்டார், ஓய்வூதியத்துக்காக அந்த ஊதிய உயர்வைக் கணக்கில் எடுங்கள் என்றார்கள். 2018 ஜூலையில் அரசின் மேல்முறையீட்டை உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது.

அதோடு முடிந்திருக்க வேண்டும் இல்லையா? எங்கள் துறையில் "அது அந்த மனுதாரருக்கு மட்டும்" என்று எழுத்திலேயே பதில் கொடுத்தார்கள். கடிதம் இன்னும் வைத்திருக்கிறேன். நாடு முழுக்க அறுபது வயது தாண்டியவர்கள் ஒவ்வொருவராகத் தீர்ப்பாயத்துக்கு நடந்தார்கள். உயர் நீதிமன்றங்கள் வேறுவேறு விதமாகத் தீர்ப்புச் சொன்னன. கடைசியில் 2023 ஏப்ரல் 11-ல் கர்நாடக மின் பரிமாற்றக் கழக வழக்கில் உச்ச நீதிமன்றம் ஊழியர் பக்கம் முடிவாகச் சொன்னது.

அப்புறம் 2025 பிப்ரவரி 20-ல் இன்னொரு உத்தரவு. வழக்கே போடாமல் இருந்தவருக்கு, கூடுதல் ஓய்வூதியம் 2023 மே 1 முதல்தான். அதற்கு முந்திய காலத்துக்கு இல்லை. முன்பே வழக்குப் போட்டு இறுதித் தீர்ப்பு வாங்கியவருக்கு அந்தத் தீர்ப்பின்படி முழுதும் உண்டு. மனு நிலுவையில் வைத்திருந்த ஓய்வூதியருக்கு, மனுப் போட்ட மாதத்துக்கு முந்தைய மூன்று ஆண்டு.

நானும் என் நண்பர் ஒருவரும் ஒரே நாளில் ஓய்வு பெற்றோம். அவர் 2019-ல் மனுப் போட்டார். நான் "எல்லோருக்கும் வரும்போது நமக்கும் வரும்" என்று இருந்தேன். வந்தது. 2023 மே மாதத்திலிருந்து வந்தது.

---

பழைய_கணக்கர்

மேலே நண்பர் சொன்ன விஷயத்தில், தமிழ்நாட்டு அரசு 2014 டிசம்பர் 31-லேயே அரசாணை 311 போட்டது. ஓய்வு பெற்ற மறுநாள் ஊதிய உயர்வு விழுகிறவருக்கு ஓய்வூதியக் கணக்குக்காக ஒரு கருத்தியலான ஊதிய உயர்வு (கணக்கில் மட்டும் சேர்ப்பது) உண்டு என்று. இங்கே ஊதிய உயர்வு நாள் ஜனவரி, ஏப்ரல், ஜூலை, அக்டோபர் என்று நான்கு காலாண்டிலும் வருவதால் இது நிறையப் பேருக்குப் பொருந்தும். அரசு மனம் வைத்தால் ஒரே அரசாணையில் எல்லோருக்கும் முடிக்கலாம் என்பதற்கு இது அத்தாட்சி. ஒவ்வொரு கிழவரையும் படியேற வைக்க வேண்டியதில்லை.

---

இரவுக்காவலர்_மகள்

நான் அரசு ஊழியர் இல்லை. அப்பா அரசு அலுவலகம் ஒன்றில் இரவுக் காவலராக இருந்தார். கேட்டுப் போவது மட்டுமில்லை, கொடுத்ததைத் திருப்பிப் பிடுங்கும்போதும் கோர்ட்தான் என்பதற்காக எழுதுகிறேன்.

அப்பா ஓய்வு பெற ஐந்து மாதம் இருந்தபோது தணிக்கையில் ஒரு தடை எழுதினார்கள். ஒன்பது வருடத்துக்கு முன் தேர்வுநிலை (ஒரே பதவியில் நீண்ட காலம் இருந்ததற்கான ஊதிய நிலை) கொடுத்தபோது ஊதியத்தை ஒரு படி அதிகமாக நிர்ணயித்துவிட்டார்களாம். கூட்டிப் பார்த்து 1,12,000 ரூபாய் பணிக்கொடையில் பிடித்தம் என்று உத்தரவு. அப்பாவுக்கு எழுத்துக்கூட்டித்தான் படிக்க வரும். அந்த நிர்ணயத்தைப் போட்டது அவர் இல்லை, சரிபார்த்துக் கையெழுத்துப் போட்டதும் அவர் இல்லை. ஆனால் உத்தரவின் கடைசி வரி "மேற்படி ஊழியர் அதிகமாகப் பெற்ற தொகை" என்று இருந்தது. அப்பா அந்த வரியை என்னிடம் மூன்று தடவை படிக்கச் சொன்னார். "நான் திருடினேன்னு எழுதியிருக்காங்களா?" என்று கேட்டார்.

வக்கீல் ஒருவர் ரஃபீக் மசி வழக்கைச் சொன்னார். 2014 டிசம்பர் 18, உச்ச நீதிமன்றம். கடைநிலை ஊழியரிடமும், ஓய்வு பெற்றவர் அல்லது ஓராண்டுக்குள் ஓய்வு பெறப் போகிறவரிடமும், ஐந்து ஆண்டுக்கு மேல் தவறாகக் கொடுத்துவந்த தொகையையும் பிடித்தம் செய்யக் கூடாது. அப்பாவுக்கு மூன்றுமே பொருந்தியது. உத்தரவை ரத்து செய்தார்கள். இருந்தும் பணம் வரவில்லை. நீதிமன்ற அவமதிப்பு நோட்டீஸ் அனுப்பிய பிறகுதான் வந்தது, பதினான்கு மாதம் கழித்து.

அப்பா பணத்தைவிட அந்தத் தீர்ப்பு நகலைத்தான் பத்திரமாக வைத்தார். அதில் "மனுதாரர் மீது தவறு ஏதும் இல்லை" என்ற வரிக்குக் கீழே பென்சிலால் கோடு போட்டிருந்தார்.

---

கருப்பங்கி

அம்மா, உங்கள் அப்பா கோடு போட்ட இடம் சரியான இடம்.

மற்றவர்களுக்கு ஒன்று. ஊதிய நிர்ணயத்தின்போது "பின்னாளில் அதிகம் என்று கண்டால் திருப்பித் தருகிறேன்" என்று உறுதிமொழி எழுதி வாங்குவார்கள். அப்படி எழுதிக் கொடுத்திருந்தால் ரஃபீக் மசி கைகொடுப்பது கடினம் என்று 2016-ல் ஜக்தேவ் சிங் வழக்கில் சொல்லியிருக்கிறார்கள். அந்தத் தாளில் என்ன எழுதியிருக்கிறது என்று படித்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். நகலும் எடுத்து வையுங்கள்.

அவமதிப்பு மனுவுக்கும் காலக்கெடு ஓராண்டு. உத்தரவில் கொடுத்த கெடு முடிந்த நாளிலிருந்து எண்ணுங்கள். "சார் நல்லவர், செய்து தருகிறேன் என்றார்" என்று பதினாலு மாதம் காத்திருந்துவிட்டு வருகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். ஒன்றும் செய்ய முடிவதில்லை.

---

சிவப்புத்துண்டு

வக்கீல் தோழரிடம் ஒரு கேள்வி. ஒருவர் ஜெயித்தால் அது எல்லோருக்கும் என்று ஏன் அரசு ஏற்பதில்லை? 20,000 பேரும் தனித்தனியாக ஆளுக்கு 5,000 கட்டினால் 10 கோடி ரூபாய். ஆசிரியர்களின் பணம் இவ்வளவும் கோர்ட் வாசலில் போக வேண்டுமா? என் கோபம் கோர்ட்டின் மேல் இல்லை, இதன் மேல்தான்.

---

கருப்பங்கி

கோபம் நியாயமானது, தோழர். சட்டமும் உங்கள் பக்கம்தான் பேசுகிறது. 2014-ல் அரவிந்த் குமார் ஸ்ரீவாஸ்தவா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது: ஒரு கூட்டத்தில் சிலருக்கு நீதிமன்றம் உரிமை கொடுத்தால், அதே நிலையில் உள்ள மற்றவர்களுக்கும் கொடுப்பதுதான் பொது விதி. கொடுக்காவிட்டால் 14-ஆம் பிரிவை மீறியதாகும். ஆனால் அதே தீர்ப்பில் ஒரு விலக்கும் இருக்கிறது. வேலி மேல் உட்கார்ந்து யார் ஜெயிக்கிறார்கள் என்று பார்த்துவிட்டுத் தாமதமாக வருகிறவருக்கு அந்த விதி பொருந்தாது. துறைகள் இந்த விலக்கை மட்டும் மனப்பாடம் செய்து வைத்திருக்கின்றன. ஒவ்வொரு பதில் மனுவிலும் அதைப் பார்க்கலாம்.

உங்கள் சங்கம் தெருவில் நிற்பதும் இவர்கள் கோர்ட்டில் நிற்பதும் ஒன்றையொன்று கெடுக்காது. குழு அமைத்ததே பிரச்சினை இருக்கிறது என்று அரசு ஒப்புக்கொண்டதற்கு அடையாளம். அதை மனுவில் சொல்லலாம். சொல்லியும் இருக்கிறோம்.

---

சிவப்புத்துண்டு

தோற்றால் என்ன ஆகும் என்ற என் பயம் இன்னும் போகவில்லை. ஆனால் ஜூன் 30 நண்பர் எழுதியதைப் படித்த பிறகு, போகாதீர்கள் என்று டீச்சரிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. போகிறவர்கள் சங்கத்துக்கும் மனுவின் நகல் கொடுங்கள். வேறுவேறு மனுவில் வேறுவேறு எண் இருந்தால் அரசு வக்கீல் அதைத்தான் முதலில் பிடிப்பார்.

---

பழைய_கணக்கர்

நல்ல யோசனை. இன்னொன்றும் உண்டு, இதில் நிறைய மனுக்கள் தடம் மாறிப்போகின்றன. இடைநிலை ஆசிரியர்களுக்கு இரண்டு குறை. ஒன்று, மத்திய அரசுத் தொடக்கப் பள்ளி ஆசிரியருக்கு 9300-34800, தர ஊதியம் 4,200 கொடுத்துவிட்டு நமக்கு 5200-20200, 2,800 கொடுத்தது. இன்னொன்று, இந்த 2009 ஜூன் 1 பிரச்சினை. இரண்டும் நியாயமான குறைதான். ஆனால் முதலாவது கேட்பது புதிய ஊதிய விகிதம். அது கொள்கை முடிவு என்று சொல்லித் திருப்பி அனுப்புவது எளிது. இரண்டாவது கேட்பது இருக்கிற ஊதிய விகிதத்துக்குள் ஒரே மாதிரித் தொடக்கச் சம்பளம். இரண்டையும் ஒரே மனுவில் கலக்காதீர்கள். கலந்தால் முதலாவதுக்குச் சொல்லும் பதிலையே இரண்டாவதுக்கும் சொல்லி முடித்துவிடுவார்கள்.

டீச்சர், திங்கட்கிழமை வட்டாரக் கல்வி அலுவலகம் போய்ப் பணிப்பதிவேட்டைப் பார்க்க எழுத்தில் கேளுங்கள். நியமன ஆணை, பணியேற்பு அறிக்கை, முதல் ஊதிய நிர்ணயப் பக்கம், ஏழாவது ஊதியக் குழுவுக்கான 2017 அரசாணை 303-ன்படி செய்த நிர்ணயப் பக்கம், இந்த நான்கின் நகலும் வேண்டும். கூடவே பக்கத்து வகுப்பு டீச்சர் சம்மதித்தால் அவருடைய நிர்ணயப் பக்கமும்.

---

நாலாம்வகுப்பு_டீச்சர்

நேற்று போய் வந்தேன். எழுத்தர் முதலில் தயங்கினார், அப்புறம் அவரே பக்கத்தைத் தேடி எடுத்துக் கொடுத்தார். "நானும் 2011 தான் டீச்சர், எங்களுக்கும் இதே கதைதான்" என்றார்.

என் பதிவேட்டில் நான்காம் பக்கத்தில் 5,200 + 2,800 என்று நீல மையில் ஒரே ஒரு வரி. கீழே கையெழுத்து, முத்திரை. இத்தனை ஆண்டுக் கணக்கும் அந்த ஒரு வரியிலிருந்துதான் வந்திருக்கிறது. விரலை வைத்துப் பார்த்துக்கொண்டே நின்றேன்.

பக்கத்து வகுப்பு டீச்சரிடம் கேட்கவே கூச்சமாக இருந்தது. நான் பாதி சொல்வதற்குள், "என்னோடதையும் வச்சுக்கோ, நான் கையெழுத்துப் போட்டே தர்றேன்" என்று சொல்லிவிட்டார். வீட்டிலும் பேசினேன். கணவர் இந்த இழை முழுவதையும் உட்கார்ந்து படித்தார். சரி போடு என்றார்.

நாங்கள் பதினொரு பேர். பதிவுத் தபாலில் விண்ணப்பம் அனுப்பப் போகிறோம், ஒப்புகை அட்டையோடு. வக்கீல் சார், பதினொரு பேருக்கும் ஒரே மனு போதுமா, தனித்தனியா?

---

கருப்பங்கி

ஒரே மனுவாகப் போட அனுமதி கேட்கலாம். ஆனால் நீதிமன்றக் கட்டணம் ஆளுக்குத் தனித்தனியாகக் கட்ட வேண்டும். சேர்ந்த தேதி, பள்ளி, இப்போதைய அடிப்படை ஊதியம் ஆகியவற்றைப் பதினொரு வரிசையாக அட்டவணை போடுங்கள். யாராவது ஒருவர் 2009 ஜூனுக்கு முன்பே வேறு அரசுப் பதவியில் இருந்துவிட்டு வந்திருந்தால் அவரைத் தனியாக எடுத்துவிடுங்கள், அவருக்கு விதி வேறு. விண்ணப்பத்தில் "பரிசீலிக்க" என்று எழுத வேண்டாம். "11,170 ரூபாயை அடிப்படையாகக் கொண்டு என் ஊதியத்தை மறுநிர்ணயம் செய்து நிலுவையோடு வழங்க" என்று எழுதுங்கள். தபால் ரசீதைத் தொலைக்காதீர்கள்.

---

நாலாம்வகுப்பு_டீச்சர்

எழுதி வைத்துக்கொண்டேன் சார். சனிக்கிழமை பள்ளி முடிந்ததும் எல்லோரும் என் வகுப்பறையில் கூடுகிறோம். கணக்கர் ஐயாவின் பெருக்கலைக் கரும்பலகையில் போட்டுக் காட்டப் போகிறேன்.